நிழல் எந்தப் பக்கம் விழும்?

கன்னியாகுமரி காந்தி மண்டபத்துக்குப் போயிருக்கிறீர்களா, குட்டீஸ்? 1948-ஆம் ஆண்டு பிப்ரவரி 12-ஆம் தேதி காந்தியடிகளின் அஸ்தியில் ஒரு பகுதி கன்னியாகுமரிக் கடலில் கரைக்கப்பட்டது. அதற்கு முன்பு, மக்கள் அஞ்சலி செலுத்துவதற்காகக் கலசத்தைக் கடற்கரையில் ஓரிடத்தில் வைத்திருந்தார்கள். அந்த இடத்தில்தான் 1956-இல் மண்டபம் எழுந்தது.

அந்த மண்டபத்தில் ஓர் அதிசயம் உண்டு. ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 2, காந்தி பிறந்த நாளன்று நண்பகலில், மேற்கூரையில் உள்ள துளை வழியாகச் சூரிய ஒளி இறங்கி, சரியாகக் கலசம் இருந்த இடத்தில் விழும். அதைப் பார்ப்பதற்கென்றே கூட்டம் கூடும்.

மந்திரமா, மாயமா? இரண்டும் இல்லை. கணக்கு! அக்டோபர் 2 அன்று சூரியன் உச்சியிலிருந்து எவ்வளவு விலகி நிற்கும், எந்தப் பக்கம் விலகி நிற்கும் என்ற இரண்டும் தெரிந்தால், துளையை எங்கே வைப்பது என்று சொல்லிவிடலாம். 'எவ்வளவு' என்பது ஒரு கேள்வி. 'எந்தப் பக்கம்' என்பது வேறொரு கேள்வி. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளாமல் இருக்கக் கற்றுத் தருவதுதான் கணக்கில் வரும் 'மட்டு மதிப்பு'. சில புத்தகங்களில் இதைத் 'தனி மதிப்பு' என்றும் சொல்வார்கள். மேல் வகுப்பு அண்ணன், அக்காக்களே சில சமயம் இதில் தடுமாறுவதுண்டு. நாம் நிதானமாகப் பார்ப்போமா?

மைனஸ் டிக்கெட் உண்டா?

மார்த்தாண்டத்திலிருந்து கன்னியாகுமரி போகும் நெடுஞ்சாலையை நினைத்துக்கொள்ளுங்கள். மார்த்தாண்டம், தக்கலை, நாகர்கோவில், சுசீந்திரம், கன்னியாகுமரி என்று வரிசையாக ஊர்கள் வரும். இந்தச் சாலையையே எண்கோடாக மாற்றுவோம். நாகர்கோவில்தான் பூஜ்யம். கன்னியாகுமரிப் பக்கம் போனால் மிகை எண். மார்த்தாண்டம் பக்கம் போனால் குறை எண். கணக்குக்கு வசதியாகக் கிலோமீட்டரைச் சுமாரான முழு எண்ணாக வைத்துக்கொள்வோம்.

மார்த்தாண்டம்: −30
தக்கலை: −15
நாகர்கோவில்: 0
சுசீந்திரம்: 6
கன்னியாகுமரி: 20

நாகர்கோவிலில் இருந்து தக்கலைக்கு எவ்வளவு தூரம்? '−15 கிலோமீட்டர்' என்று யாராவது சொல்வார்களா? பஸ் கண்டக்டரிடம் 'மைனஸ் பதினைந்து கிலோமீட்டருக்கு ஒரு டிக்கெட்' என்று கேட்டால் சிரித்துவிடுவார்! தக்கலை இருக்கும் இடம்தான் −15. அங்கே போகும் தூரம் 15.

ஓர் எண், பூஜ்யத்திலிருந்து எவ்வளவு தூரத்தில் இருக்கிறதோ, அதுதான் அந்த எண்ணின் மட்டு மதிப்பு. எண்ணின் இரு பக்கமும் ஒவ்வொரு நேர்கோடு நிறுத்தி இதை எழுதுவார்கள்.

|−15| = 15
|6| = 6
|0| = 0

இந்தக் கோடுகளை 1841-இல் எழுத ஆரம்பித்தவர் ஜெர்மனியைச் சேர்ந்த கார்ல் வையர்ஸ்ட்ராஸ் என்ற கணித மேதை. அவர் பல ஆண்டுகள் பள்ளி ஆசிரியராக இருந்தவர். கணக்கோடு கையெழுத்துப் பயிற்சியும் உடற்பயிற்சியும்கூடச் சொல்லிக்கொடுத்தாராம்!

சரி, சுசீந்திரத்திலிருந்து தக்கலைக்கு எவ்வளவு தூரம்? ஒன்றிலிருந்து மற்றொன்றைக் கழித்துக் கோடு போட்டால் போதும்.

|6 − (−15)| = |6 + 15| = 21

திருப்பிக் கழித்தாலும் அதே விடைதான்.

|−15 − 6| = |−21| = 21

போகும்போது 21 கிலோமீட்டர் என்றால், வரும்போதும் 21 கிலோமீட்டர்தானே? அதனால்தான் |அ − ஆ| என்பதும் |ஆ − அ| என்பதும் எப்போதும் ஒன்று. இங்கே அ, ஆ என்பவை எந்த இரண்டு எண்களாகவும் இருக்கலாம்.

கோட்டுக்குள் நுழையும் முன்...

மட்டு மதிப்பு வரும் கணக்கைச் சுருக்கும்போது நினைவில் வைக்க வேண்டியவை நான்கு.

முதலாவது: கோடுகள் அடைப்புக்குறி மாதிரி. உள்ளே இருப்பதை முதலில் முடித்துவிட வேண்டும். அதற்குப் பிறகுதான் மட்டு மதிப்பு. |3 − 10| என்றால் முதலில் 3 − 10 = −7. பிறகு |−7| = 7. உள்ளே இருக்கும் கழித்தல் குறியைப் பார்த்தவுடன் கூட்டல் குறியாக மாற்றி, |3 + 10| = 13 என்று எழுதிவிடக் கூடாது.

இரண்டாவது: கோட்டுக்கு வெளியே இருக்கும் குறியைக் கோடு தொடாது. −|−5| என்பதைப் பாருங்கள். |−5| = 5. வெளியே நிற்கும் கழித்தல் குறி அப்படியே இருக்கும். எனவே விடை −5. அதேபோல் 2|−4| என்றால் 2 × 4 = 8.

மூன்றாவது: பெருக்கலைப் பிரிக்கலாம், கூட்டலைக் கண்ணை மூடிக்கொண்டு பிரிக்கக் கூடாது. |−3 × 4| = |−12| = 12. |−3| × |4| = 3 × 4 = 12. இரண்டும் ஒன்றுதான். ஆனால், |−3 + 4| = |1| = 1. |−3| + |4| = 3 + 4 = 7. எவ்வளவு வித்தியாசம்! மூன்று கிலோமீட்டர் மேற்கே போய்விட்டு, நான்கு கிலோமீட்டர் கிழக்கே திரும்பி நடந்தால், கால் வலிப்பது ஏழு கிலோமீட்டருக்கு. ஆனால் புறப்பட்ட இடத்திலிருந்து நாம் இருப்பது ஒரு கிலோமீட்டர் தூரத்தில்தான். கூட்டலைப் பிரித்தால் வரும் வித்தியாசம் இதுதான்.

நான்காவது: உள்ளே இருப்பது எண்ணாக இல்லாமல் எழுத்தாக இருந்தால், 'நீ மிகையா, குறையா?' என்று கேட்காமல் கோட்டை எடுக்கக் கூடாது.

|அ| = அ (அ பூஜ்யமாகவோ மிகை எண்ணாகவோ இருந்தால்)
|அ| = −அ (அ குறை எண்ணாக இருந்தால்)

'மட்டு மதிப்பு குறை எண்ணாக வராது என்றீர்களே, இரண்டாவது வரியில் −அ வருகிறதே?' என்று சிலர் கேட்பது காதில் விழுகிறது. நல்ல கேள்வி! அ = −15 என்று வைத்துப் பாருங்கள். −அ என்றால் −(−15), அதாவது 15. அ தானே குறை எண். அதற்கு முன் இன்னொரு கழித்தல் குறி வந்தால் அது மிகை எண்ணாகிவிடுகிறது. எழுத்துக்கு முன்னால் கழித்தல் குறி இருந்தால் அது குறை எண்தான் என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.

சூரியன் நிற்கும் ஊர்

இப்போது வானத்தைப் பார்ப்போம். (சூரியனை நேராகப் பார்க்காதீர்கள், கண்ணுக்கு ஆபத்து. நாம் நிழலை மட்டுமே பார்க்கப் போகிறோம்.)

'மத்தியானம் பன்னிரண்டு மணிக்குச் சூரியன் உச்சந்தலைக்கு நேர் மேலே நிற்கும்' என்று சொல்வார்கள். உண்மையில் நம் ஊரில் ஆண்டுக்கு இரண்டே நாட்கள்தான் நண்பகலில் சூரியன் நேர் உச்சிக்கு வருகிறது. மற்ற நாட்களில் வடக்கே கொஞ்சமோ, தெற்கே கொஞ்சமோ விலகித்தான் இருக்கும்.

பூமியின் நடுவில் நிலநடுக்கோடு இருக்கிறது அல்லவா? அதை 0 டிகிரி என்பார்கள். வடக்கே உள்ள அட்சரேகைகளை மிகை எண்ணாகவும், தெற்கே உள்ளவற்றைக் குறை எண்ணாகவும் எழுதலாம். கன்னியாகுமரி வடக்கே சுமார் 8 டிகிரியில் இருக்கிறது. சென்னை 13 டிகிரி.

பூமி சாய்ந்தபடி சுற்றுவதால், சூரியன் நேர் உச்சியில் நிற்கும் அட்சரேகை நாளுக்கு நாள் மாறிக்கொண்டே இருக்கும். ஜூன் 21 வாக்கில் 23.5 வரை வடக்கே போகும். அதுதான் கடகரேகை. டிசம்பர் 22 வாக்கில் −23.5 வரை தெற்கே போகும். அது மகரரேகை. ஊஞ்சல் மாதிரி இந்த இரண்டுக்கும் இடையில்தான் போய்வரும்.

இன்று சூரியன் எந்த அட்சரேகையில் உச்சியில் நிற்கிறதோ, அந்த எண்ணைச் 'சூ' என்று அழைப்போம். அப்படியானால் நண்பகலில், கன்னியாகுமரியின் உச்சியிலிருந்து சூரியன் விலகி நிற்கும் அளவு:

|சூ − 8| டிகிரி

இந்த அளவு தெரிந்தால் நிழலின் நீளத்தைச் சொல்லிவிடலாம். 100 சென்டிமீட்டர் நீளக் குச்சியை வெயிலில் செங்குத்தாக நட்டால், நண்பகல் நிழல் சுமாராக இப்படி இருக்கும்.

மார்ச் 21: சூ = 0; விலகல் |0 − 8| = 8; நிழல் 14 செ.மீ., வடக்கே
ஏப்ரல் 10, 11: சூ = 8; விலகல் 0; நிழலே இல்லை
ஜூன் 21: சூ = 23.5, விலகல் 15.5, நிழல் 28 செ.மீ., தெற்கே
செப்டம்பர் 1, 2: சூ = 8; விலகல் 0; நிழலே இல்லை
அக்டோபர் 2: சூ = −3.5, விலகல் |−3.5 − 8| = 11.5, நிழல் 20 செ.மீ., வடக்கே
டிசம்பர் 22: சூ = −23.5, விலகல் |−31.5| = 31.5, நிழல் 61 செ.மீ., வடக்கே

நிழலின் நீளம் ஒரு நாளும் குறை எண்ணாக இல்லை, பார்த்தீர்களா? '−28 சென்டிமீட்டர் நிழல்' என்று எதுவும் இல்லை. கோடுகள் பக்கத்தை மறந்துவிட்டு அளவை மட்டும் சொல்கின்றன. பக்கத்தை நாம்தான் தனியாக எழுதி வைத்துக்கொள்ள வேண்டும்.

கடல் பக்கமா, ஊர்ப் பக்கமா?

சூரியன் நமக்கு வடக்கே நின்றால் நிழல் தெற்கே விழும். கன்னியாகுமரியில் தெற்கு என்றால் கடல். எனவே, ஏப்ரல் 11-க்குப் பிறகு செப்டம்பர் 1 வரை நண்பகல் நிழல் கடலைப் பார்த்து விழும். மற்ற மாதங்களில் ஊரைப் பார்த்து விழும். இதையே கணக்கு மொழியில் எழுதினால்:

நிழல் கடல் பக்கம் என்றால் (சூ 8-ஐ விடப் பெரியது): |சூ − 8| = சூ − 8
நிழல் ஊர்ப் பக்கம் என்றால் (சூ 8-ஐ விடச் சிறியது): |சூ − 8| = 8 − சூ

கோட்டை எடுப்பது என்றால் இவ்வளவுதான். முதலில் பக்கத்தைக் கேள்; பிறகு பெரியதிலிருந்து சிறியதைக் கழி.

எல்லா ஊருக்கும் இப்படி இரண்டு வரி தேவையா? தில்லியைப் பாருங்கள். அது சுமார் 28.5 டிகிரியில் இருக்கிறது. சூ எவ்வளவு முயன்றாலும் 23.5-ஐத் தாண்டாது. அதனால் தில்லியில் நண்பகல் நிழல் ஆண்டு முழுவதும் வடக்கேதான் விழும். |சூ − 28.5| என்பதை யோசிக்காமல் 28.5 − சூ என்று ஒரே வரியில் எழுதிவிடலாம். தில்லிக் குழந்தைகள் கொடுத்து வைத்தவர்கள் என்கிறீர்களா? இல்லை, குட்டீஸ். நிழலே இல்லாத நாளை அவர்கள் தங்கள் ஊரில் பார்க்கவே முடியாது!

இன்னொரு வேடிக்கையும் உண்டு. கன்னியாகுமரி சென்னையைவிட நிலநடுக்கோட்டுக்கு அருகில் இருக்கிறது. அப்படியானால் ஜூன் மாதத்தில் சூரியன் எந்த ஊரின் உச்சிக்கு அருகில் நிற்கும்? கன்னியாகுமரி என்றுதானே தோன்றுகிறது? கணக்கு வேறு மாதிரி சொல்கிறது. கன்னியாகுமரியில் |23.5 − 8| = 15.5, சென்னையில் |23.5 − 13| = 10.5. சென்னையில்தான் சூரியன் உச்சிக்கு நெருக்கமாக நிற்கிறது!

காந்தி மண்டபக் கணக்கு

இப்போது மண்டபத்துக்குத் திரும்புவோம். அக்டோபர் 2 அன்று சூரியனின் விலகல் 11.5 டிகிரி. கூரைத் துளை வழியாக வரும் ஒளியும் அந்தச் சாய்வில்தான் வர வேண்டும்.

ஒரு கேள்வி: ஆண்டில் வேறு எந்த நாட்களில் சூரியன் இதே 11.5 டிகிரி விலகி நிற்கும்?

|சூ − 8| = 11.5

எட்டிலிருந்து 11.5 தூரத்தில் இருக்கும் எண் ஒன்று அல்ல, இரண்டு. எட்டுக்கு அந்தப் பக்கம் ஒன்று, இந்தப் பக்கம் ஒன்று.

சூ − 8 = 11.5 என்றால், சூ = 19.5
8 − சூ = 11.5 என்றால், சூ = −3.5

சூ = −3.5 என்பது அக்டோபர் 2. சூரியன் ஊஞ்சலில் திரும்பி வரும்போது மார்ச் 11 வாக்கில் மறுபடியும் அதே −3.5-இல் நிற்கும். அன்றும் சூரியன் தெற்கே, அதே சாய்வு.

சூ = 19.5 என்பது மே 18, ஜூலை 25 வாக்கில் வரும். விலகல் அதே 11.5 தான். குச்சி நிழலின் நீளமும் அதே 20 சென்டிமீட்டர்தான். ஆனால் சூரியன் வடக்கே நிற்கிறது! துளை வழியாக வரும் ஒளி எதிர்ப்பக்கம் சாய்ந்து, தரையில் வேறோர் இடத்தில் விழுந்துவிடும்.

மண்டபம் கட்டியவர்கள் '11.5 டிகிரி' என்பதை மட்டும் பார்த்து, பக்கத்தை மறந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? காந்தி ஜயந்தி அன்று கூடியிருக்கும் அத்தனை பேரும் ஏமாந்து திரும்பியிருப்பார்கள். மட்டு மதிப்பு வரும் சமன்பாட்டில் ஒரு விடையோடு நிறுத்திவிடாதீர்கள் என்று ஆசிரியர் சொல்வது இதற்குத்தான். இரண்டு விடையையும் எழுதி, நமக்கு வேண்டியது எது என்று பார்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

பூமி ஐந்து மடங்கு வீங்கிய கதை!

கடைசியாகக் கொஞ்சம் பெரிய கணக்கு. சூரியனின் விலகல் கன்னியாகுமரியில் |சூ − 8|. சென்னையில் |சூ − 13|. இரண்டையும் கூட்டினால்?

|சூ − 8| + |சூ − 13|

இதைச் சுருக்க வேண்டும். 8, 13 என்ற இரண்டு எண்களும் எண்கோட்டை மூன்று துண்டாகப் பிரிக்கின்றன. ஒவ்வொரு துண்டிலும் தனித்தனியாகப் பக்கத்தைக் கேட்போம்.

சூ 13-ஐ விடப் பெரியது என்றால்: (சூ − 8) + (சூ − 13) = 2சூ − 21
சூ 8-க்கும் 13-க்கும் நடுவில் என்றால்: (சூ − 8) + (13 − சூ) = 5
சூ 8-ஐ விடச் சிறியது என்றால்: (8 − சூ) + (13 − சூ) = 21 − 2சூ

நடுத் துண்டைப் பாருங்கள்! சூ என்ற எழுத்தே காணாமல் போய்விட்டது. அதாவது, ஏப்ரல் 11-லிருந்து ஏப்ரல் 24 வரை, சூரியன் இரண்டு ஊர்களுக்கும் நடுவில் இருக்கும்போது, எந்த நாளில் கூட்டினாலும் விடை 5 தான். ஏப்ரல் 18 வாக்கில் சூ = 11. கன்னியாகுமரியில் விலகல் 3, நிழல் தெற்கே. சென்னையில் விலகல் 2, நிழல் வடக்கே. 3 + 2 = 5. ஒரே நாடு, ஒரே சூரியன். ஆனால் நிழல்கள் ஒன்றுக்கொன்று முதுகைக் காட்டி நிற்கின்றன!

இந்த 5 டிகிரிக்குப் பெரிய மதிப்பு உண்டு. இரண்டாயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன் எகிப்தில் வாழ்ந்த எரடோஸ்தனிஸ் என்ற அறிஞர், ஓர் ஊரில் நிழலே விழாத நாளில் இன்னோர் ஊரின் நிழலை அளந்து, பூமியின் சுற்றளவைக் கண்டுபிடித்தார். நாமும் அதைச் செய்யலாம்.

கன்னியாகுமரிக்கும் சென்னைக்கும் தெற்கு வடக்கான தூரம் சுமார் 555 கிலோமீட்டர். அது 5 டிகிரிக்குச் சமம். முழு வட்டம் 360 டிகிரி. 360-இல் 5 எத்தனை முறை போகும்? 72 முறை. 555 × 72 = 39,960. பூமியின் சுற்றளவு ஏறக்குறைய 40,000 கிலோமீட்டர்! இரண்டு குச்சி நிழல்களில் உலகமே அகப்பட்டுவிட்டது.

ஆனால் கவனம். ஏப்ரல் 18 அன்று இரண்டு ஊர் நிழலையும் அளந்த ஒருவர், நீளத்தை மட்டும் குறித்துக்கொண்டு, பக்கத்தைக் குறிக்க மறந்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். 'இரண்டு நிழலும் ஒரே பக்கம்தான்' என்று நினைத்து 3 − 2 = 1 டிகிரி என்று எழுதிவிடுவார். அப்போது 555 × 360 = 1,99,800 கிலோமீட்டர். பூமி ஐந்து மடங்கு வீங்கிவிடும்!

ஜூன் மாதத்தில் அளந்தால் கதை தலைகீழ். அப்போது இரண்டு ஊரிலும் நிழல் தெற்கேதான். எனவே கழிக்க வேண்டும்: 15.5 − 10.5 = 5. எப்போது கூட்டுவது, எப்போது கழிப்பது என்று மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. பக்கத்தைப் பார்த்தால் போதும்.

செய்து பாருங்கள்

தேவையானவை: 100 செ.மீ. நீளமுள்ள நேரான குச்சி, அளவுகோல், சுண்ணாம்புக்கட்டி, நூல், சிறு கல்.

1. சமமான தரையில், வெயில் படும் இடத்தில் குச்சியைச் செங்குத்தாக நிறுத்துங்கள். நூலில் கல்லைக் கட்டிப் பக்கத்தில் தொங்கவிட்டால், குச்சி சாய்ந்திருக்கிறதா என்று தெரிந்துவிடும்.

2. பகல் 12 மணியிலிருந்து 12.40 வரை, ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை நிழலின் நுனியில் புள்ளி வையுங்கள்.

3. மிகக் குட்டையான நிழல் எதுவோ, அதுதான் உண்மையான நண்பகல் நிழல். அதன் நீளத்தை அளந்து எழுதுங்கள். 'வடக்கே' அல்லது 'தெற்கே' என்று பக்கத்தையும் மறக்காமல் எழுதுங்கள்.

ஏன் சரியாக 12 மணிக்கு இல்லை? இந்தியக் கடிகாரம் 82.5 டிகிரி தீர்க்கரேகையை வைத்து ஓடுகிறது. கன்னியாகுமரி 77.5 டிகிரியில் இருக்கிறது. |77.5 − 82.5| = 5. ஒரு டிகிரிக்கு 4 நிமிடம். ஆக 20 நிமிட வித்தியாசம். முன்னதாகவா, தாமதமாகவா? மறுபடியும் அதே கேள்வி: எந்தப் பக்கம்? நாம் மேற்கே இருப்பதால் சூரியன் நம்மிடம் தாமதமாக வருகிறது. எனவே நமக்கு நண்பகல் 12.20 வாக்கில். (பிப்ரவரியில் இன்னும் கால் மணி நேரம் தள்ளிப் போகும்; நவம்பர் தொடக்கத்தில் கால் மணி நேரம் முந்திவிடும்.)

நிழல் இல்லாத நாளைப் பார்க்க ஏப்ரல் 10, 11 தேதிகளையும் செப்டம்பர் 1, 2 தேதிகளையும் நாட்காட்டியில் வட்டமிட்டு வையுங்கள். சென்னையில் உறவினர் வீடு இருந்தால், அங்கே உள்ள தம்பி, தங்கையையும் ஏப்ரல் 18 அன்று அளக்கச் சொல்லி போனில் கேட்டு வாங்குங்கள். அவர்களுடைய நிழல் எதிர்ப்பக்கம் விழுவதைக் கேட்டால் உங்களுக்கே சிரிப்பு வரும்.

மூளைக்கு வேலை

1. |−9| + |4| எவ்வளவு? |−9 + 4| எவ்வளவு?
2. 7 − |2 − 10| எவ்வளவு?
3. −3|−6| எவ்வளவு?
4. அ ஒரு குறை எண். |அ| + அ என்பதைச் சுருக்குக.
5. கன்னியாகுமரியில் சூரியனின் விலகல் 4 டிகிரி. அதாவது |சூ − 8| = 4. சூ-வின் மதிப்புகள் எவை? ஒவ்வொன்றிலும் நிழல் எந்தப் பக்கம் விழும்?
6. காஷ்மீரின் ஸ்ரீநகர் 34 டிகிரியில் இருக்கிறது. |சூ − 34| என்பதைக் கோடு இல்லாமல் எழுதுக.
7. மதுரை சுமார் 10 டிகிரியில் இருக்கிறது. சூரியன் கன்னியாகுமரிக்கும் மதுரைக்கும் நடுவில் இருக்கும் நாட்களில் |சூ − 8| + |சூ − 10| எவ்வளவு?

விடைகள்

1. 13; 5.
2. 7 − 8 = −1. (வெளியே கழித்தல் நடப்பதால் மொத்த விடை குறை எண்ணாக வரலாம்.)
3. −18.
4. |அ| = −அ. எனவே −அ + அ = 0.
5. 12, 4. சூ = 12 என்றால் நிழல் தெற்கே, கடல் பக்கம். சூ = 4 என்றால் வடக்கே, ஊர்ப் பக்கம்.
6. 34 − சூ. (சூ ஒருபோதும் 23.5-ஐத் தாண்டாது.)
7. (சூ − 8) + (10 − சூ) = 2.

ஏழும் சரியா? சபாஷ்! ஒன்றிரண்டு தவறிவிட்டாலும் கவலை வேண்டாம். அந்தக் கணக்குக்கு ஓர் எண்கோடு வரைந்து, 'நான் எந்தப் பக்கம் நிற்கிறேன்?' என்று மறுபடி கேட்டுப் பாருங்கள். விடை தானாக வரும்.